இருந்திருக்கும்

யூனியன் பிளேஸ், ஏழாம் மாடி.
சத்தியம் எதுவும் கேட்கவில்லை.
பிளேன் டீ தந்தார்கள், தட்டில் நாலு லெமன் பஃப்.
விசாரணை அதிகாரி வீரக்கோன், ஓய்வுபெற்றவர்,
நாளுக்கு இவ்வளவென்று கம்பனி பேசிப் பிடித்தவர்,
ஏசிக்குப் பயந்து சால்வையோடு வந்திருந்தார்.
தமிழிலேயே சொல்லலாம் என்றார்.
அன்றிரவு குளிர் அறைச் சாவி யாரிடம்?

மேசைக்கு அந்தப் பக்கம் பிலோமினா அக்கா.
பதினாறு வருடம் களஞ்சியப் பொறுப்பாளர்,
நாலு மாதமாக அரைச் சம்பளம்.
வாயே திறக்காதீர்கள் என்றிருந்தார் அவவின் லோயர்,
இங்கே சொல்வது அங்கே போகும்.
பேசாவிட்டால் ஒப்புக்கொண்டதாக எடுப்போம் என்றது எச்.ஆர்.
அவ மேசையில் சிந்திய பிஸ்கட் தூளை
விரல் நுனியால் ஒற்றி ஒற்றி
எடுத்துக்கொண்டிருந்தா.

நான் சொன்னேன்:
அவவிடம் இருந்திருக்கும்.

எச்.ஆர் பிள்ளை அதை ஆங்கிலமாக்கித் தட்டினாள்.
ஒன்பது பக்கம்.
ஒவ்வொரு பக்கத்தின் காலிலும் என் கையெழுத்து.
ளுஹருக்கு நேரமாகிறதென்று
வாசிக்காமல் போட்டேன்.
நேரம் இருந்தது. வாசிக்கவில்லை.

பதிவுத் தபாலில் அவவுக்கு வேலைநீக்கம்.
அடுத்த திங்கள் எனக்குப் பதில் கடமைக் கடிதம்,
ஏழாயிரத்து ஐந்நூறு கூடுதல்,
சிவப்பு நாடாவில் கட்டிய சாவி.
உம்மா புரியாணி ஆக்கினா.

இரண்டு வருடம் கழித்துப் புதுக்கடை.
இங்கே குர்ஆனில் கை வைக்கவேண்டும்.
மின்விசிறிக்குக் கீழே கட்டுக் கட்டாக வழக்குகள் படபடக்க
முப்பத்தெட்டுப் பெட்டி இன்சுலின்
யாருக்கும் அவசரமில்லாத குரலில் வாசிக்கப்பட்டது.
லோயர் கேட்டார்:
அவர் கையில் சாவியைக் கண்டீரா?
காணவில்லை.
'சாவி அவரிடம் இருந்தது',
ஐந்தாம் பக்கம். இது யார் சொன்னது?
இருந்திருக்கும் என்றுதான் சொன்னேன்.
இது யார் கையெழுத்து?
என்னுடையது.

தமிழில் ஒரு 'திருக்கும்'தான் குறைந்தது.
கம்பனிக்கு அந்தத் 'திருக்கும்'மே போதுமாம்,
பிறகுதான் தெரிந்தது.
கோர்ட்டுக்கு அது போதாது.
மொழிபெயர்ப்பாளர் தடுமாறி
என்னை இன்னொருமுறை சொல்லச் சொன்னார்.
சொன்னேன்.
கால்சட்டைப் பையில் சாவி
தொடையைக் குத்திக்கொண்டிருந்தது.

மார்ச் பத்தொன்பதுக்குத் தவணை.

படியில் அவவின் லோயர் யாருக்கோ சொல்லிக்கொண்டு போனார்:
விடுதலையானாலும் வேலை தானாகத் திரும்பாது,
அது வேறு கதவு.

இளநீர் வண்டிக்குப் பக்கத்தில் அவ நின்றா.
நான் குடைக்குப் பின்னால் முகத்தை வைத்தேன்.
"நிஸ்தார்,
பதினோராம் ராக்கைக்குக் கீழ இன்னும் தண்ணி கசியுதா?
சாக்குப் போட்டு வை.
மட்டை ஊறினா மேல் பெட்டியெல்லாம் சரிஞ்சிடும்."
ஓம் அக்கா என்றேன்.
கசிகிறதென்றே எனக்குத் தெரியாது.

கிராண்ட்பாஸுக்கு நாலு மணிக்கு வந்தேன்.
வெப்பப் புத்தகத்தில் இரண்டு மணிக் கட்டம் காலி.
இரண்டுக்கும் எட்டுக்கும் நடுவில் இருக்கவேண்டும்.
நான் எப்போதும் ஐந்து எழுதுவேன்.
ஐந்துதான் இருந்திருக்கும்.

இன்று ஜாக்கெட்டைப் போட்டு உள்ளே போனேன்.
பதினோராம் ராக்கைக்கு முன்னால் குந்தினேன்.
பழைய சாக்கு ஒன்று, அவ போட்டது,
பாசி பிடித்துத் தரையோடு ஒட்டிக் கிடந்தது.
எழும்பி மானியைப் பார்த்தேன்.

ஒன்பது.

கதவைப் பூட்டி
புத்தகத்தை மடியில் வைத்துக்கொண்டு
பேனை மூடியைக் கழற்றினேன்.